கொலும்பா வேறு, கொழும்பு வேறு

எங்கள் சனம் பயணம் போவதென்றால் இரண்டே காரணங்கள்தான். ஒன்று சொந்தக்காரர் வீட்டுக் கொண்டாட்டம், மற்றது நேர்த்திக்கடன். லண்டனில் ஒரு கலியாணம், ஜெர்மனியில் ஒரு சாமத்திய வீடு, கனடாவில் ஒரு பிறந்தநாள் என்று போய், அங்கேயும் சமையலறையில் வெங்காயம் உரித்துவிட்டுத் திரும்பி வருவோம். அந்த ஊரில் ஆறு ஓடுகிறதா, கோட்டை இருக்கிறதா என்று கேட்டால் தெரியாது. மச்சாள் வீட்டு ஃப்ரிட்ஜுக்கு எத்தனை கதவு என்று கேட்டால் தெரியும். இப்படிப்பட்ட நான், ஒரு சொந்தமும் ஒரு நேர்த்தியும் இல்லாமல், ஸ்கொட்லாந்தின் மேற்குக் கரைக்கு அப்பால் கடலுக்குள் கிடக்கும் அயோனா என்ற சின்னஞ்சிறு தீவுக்குப் போய்வந்தேன். காரணம் யோசப்பின் அக்கா.

பாரிசில் எங்கள் சனத்தின் கடைத்தெருவான லா ஷப்பலில் யோசப்பின் அக்காவைத் தெரியாதவர்கள் குறைவு. மன்னார்க்காரி. காலையில் அலுவலகங்கள் துப்பரவு செய்யும் வேலை, மத்தியானத்துக்குப் பிறகு ஊர்வேலை. ரூ து ஃபொபூர் சேன்-தெனி என்ற தெருவின் வடக்கு முனையில், நான் காசு வாங்கும் மேசையில் இருக்கும் பலசரக்குக் கடைக்கு வருவார். முருங்கைக்காயை முறுக்கிப் பார்த்துக்கொண்டே கோடை விடுமுறைக்கு ஆள் சேர்ப்பார். வருஷா வருஷம் ஒரு பஸ் பிடித்து லூர்து மாதாவிடம் எங்களைக் கூட்டிப்போவது அவர்தான். பஸ்ஸில் ஒலிவாங்கியைப் பிடித்து எல்லாவற்றையும் தமிழில் விளங்கப்படுத்துவதும் அவர்தான். வேதக்காரர் மட்டுமல்ல, என்னைப் போன்ற சைவக்காரரும் போவோம். மாதாவுக்கு ஆள் வித்தியாசம் கிடையாது என்பது அக்காவின் கட்சி.

இந்த வருஷம் கூட்டத்துக்குள் முணுமுணுப்புக் கிளம்பியது. ஒரே இடம் அலுத்துவிட்டது, புது இடம் வேண்டும் என்றார்கள். தெருக்கோடியில் பயணச்சீட்டுக் கடை வைத்திருக்கும் ரஜீவன் என்ற இளைஞன், ஸ்கொட்லாந்தில் புனிதர் ஒருவர் வாழ்ந்த தீவு இருக்கிறது, எனக்கு இங்கிலீசும் தெரியும், எல்லாவற்றையும் நானே ஏற்பாடு செய்து கூட்டிப்போகிறேன் என்று படங்களோடு வந்தான். அயோனா போகலாம் என்று அக்காவும் ஒப்புக்கொண்டார். அடுத்த கேள்வியைச் சூசை அண்ணை கேட்டார்.

“அங்கை கைட் இங்கிலீசிலை சொல்லுவான். யோசப்பினுக்கு அது தெரியாது. பேந்து ஆர் எங்களுக்கு விளங்கப்படுத்துறது?”

சூசை அண்ணை உணவகச் சமையலறையில் உழைத்து ஓய்வு பெற்றவர். கூட்டத்திலேயே வயதானவர், முறைப்பாட்டிலும் அவர்தான் மூத்தவர். அவர் எந்தப் பக்கம் சாய்கிறாரோ சனமும் அந்தப் பக்கம் சாயும். அக்காவுக்கு முகம் கறுத்துவிட்டது. “நானே போய்ப் பாத்து, அங்கை இருக்கிற சுற்றுலாக்களிலை எது எங்கட சனத்துக்குச் சரிவரும் எண்டு தெரிஞ்செடுத்துக்கொண்டு வாறன். பிடிக்காட்டி ரஜீவனோடை போங்கோ” என்று எழுந்துவிட்டார்.

வெளியே பார்க்கிறவர்களுக்கு இது சின்ன விஷயம். அக்காவுக்கு அப்படியில்லை. வீட்டில் பிள்ளைகள் வளர்ந்து பிரெஞ்சிலேயே பதில் சொல்லத் தொடங்கிய பிறகு, அவர் சொல்வதைத் தமிழில் ஒரு பஸ் நிறைய ஆட்கள் கேட்டுக்கொண்டிருந்தது அந்தப் பயணங்களில்தான். அந்த ஒலிவாங்கி கைமாறினால் அவர் உடைந்துபோவார் என்று எனக்குத் தெரியும்.

அடுத்த நாள் கடைக்கு வந்தார். “கலா, நீ சைவம் எண்டாலும் இங்கிலீசு தெரிஞ்ச ஆள். வெளிக்கிடு.”

என் இங்கிலீசு ஊரில் பள்ளிக்கூடத்தில் படித்தது. கடைக்கு வரும் வெள்ளைக்காரச் சுற்றுலாக்காரருக்கு மாம்பழத்தின் விலை சொல்லும் அளவுக்கு அது இன்னும் உயிரோடு இருந்தது. அதைக் கொஞ்சம் கூட்டிச் சொல்லிப் பெருமையடித்திருந்தேன். வேலியில் போன ஓணானைப் பிடித்து மடியில் விட்ட கதைதான். தீவின் பேரைக் கேட்ட என் கணவர் “ஐயோ, நான் வரேல்லை” என்று அதிலேயே ஒரு சிலேடையைப் போட்டுவிட்டுத் தொலைக்காட்சிப் பக்கம் திரும்பிக்கொண்டார்.

விமானம், ரயில், பெரிய கப்பல், பஸ், சின்னக் கப்பல் என்று ஏறி இறங்கியதையெல்லாம் சொல்லத் தொடங்கினால் தீவுக்குப் போய்ச் சேரமாட்டோம். பஸ்ஸைப் பற்றி மட்டும் சொல்கிறேன். அயோனாவுக்குப் போக மள் என்ற பெரிய தீவைக் குறுக்கே கடக்க வேண்டும். அங்கே தெரு ஒரு வாகனம் போகும் அகலம்தான். எதிரே கார் வந்தால் ஒருவர் பின்னோக்கி ஓட்டி ஒதுங்க வேண்டும். ஆடு வந்தால் ஆடு ஒதுங்காது, பஸ்தான் ஒதுங்க வேண்டும். வளைவும் பள்ளமுமான அந்தத் தெருவில் சாரதி பஸ்ஸைப் பின்னுக்கு விடும்போதெல்லாம் அக்கா செபமாலையில் ஒரு மணியைத் தள்ளினார். சாரதி எதிரே வந்த எல்லோருக்கும் ஒரு விரலை உயர்த்திக் காட்டினார், அவர்களும் காட்டினார்கள்.

“இவருக்கு எல்லாரும் சொந்தமோ?” என்றார் அக்கா.

“நன்றி சொல்லுறாராக்கும், அக்கா.”

“பாரிசிலையும் விரல் காட்டுறாங்கள்தான். அது வேறை விரல்.”

அயோனா பச்சையும் வெள்ளையுமான தீவு. புல் பச்சை, மணல் வெள்ளை, ஆடும் வெள்ளை. வெளியாட்கள் கார் கொண்டுபோக முடியாது. கடலைப் பார்த்து ஒரு வரிசை வீடுகள், கொஞ்சம் தள்ளிக் கல்லால் கட்டிய பழைய மடாலயம், மிச்சமெல்லாம் காற்று. அக்காவின் சேலைத் தலைப்பு இறங்குதுறையிலிருந்து நாங்கள் தங்கப்போகும் வீடு வரைக்கும் எங்களுக்கு முன்னாலேயே போனது. வீட்டுக்காரி வாசலில் நின்று தன் பேர் ஷீலா என்றார். அக்காவின் முகம் மலர்ந்துவிட்டது.

“எங்கட சீலா. பாத்தியே, சொந்தம் இல்லை எண்டு சொன்னாய்.”

இரவுச் சாப்பாட்டுக்கு ஷீலா புகையில் வாட்டிய மீனைப் பாலில் போட்டு, உருளைக்கிழங்கோடு ஒரு சூப் வைத்தார். வெண்மையாக, வெதுவெதுப்பாக, மீன் வாசத்தோடு இருந்தது. அக்கா ஒரு கரண்டி வாய்க்குள் விட்டு, கண்ணை மூடி யோசித்து, தீர்ப்புச் சொன்னார்: “இது சொதி. மஞ்சளும் பச்சைமிளகாயும் போட மறந்துபோச்சினம்.” பையிலிருந்து எங்கள் மிளகாய்த்தூள் போத்தல் வெளியே வந்தது. ஷீலாவும் ஒரு சிட்டிகை போட்டுக் குடித்தார். முகம் சிவந்து, இரண்டு குவளை தண்ணீர் குடித்து, பிறகு இன்னொரு சிட்டிகை கேட்டார். அன்றிலிருந்து அந்தப் போத்தல் உப்புக்குப் பக்கத்தில் நின்றது.

படுக்கப் போகுமுன் அக்கா சுற்றுலாவுக்கான பரீட்சையை வகுத்தார். கழிப்பறை கிட்ட இருக்க வேண்டும். முழங்கால் நோவுக்காரர் குந்த இடம் வேண்டும். கட்டிக்கொண்டு போன சோற்றை யாரும் ஏசாமல் சாப்பிட விடவேண்டும். ஏறுபடி கூடாது. பார்ப்பதற்கு என்ன இருக்கிறது என்பது கடைசியாக வந்தது. எல்லாவற்றுக்கும் மேலே, கைட் சொல்வது தனக்கு விளங்க வேண்டும், விளங்கினால்தான் தமிழில் சொல்ல முடியும். “அதுக்குத்தான் நீ இருக்கிறாய்” என்று எனக்கு முதுகில் ஒரு தட்டுத் தட்டினார். நான் போர்வையை முகத்துக்கு மேலே இழுத்துக்கொண்டேன்.

மறுநாள் காலை இறங்குதுறைக்குப் போனோம். சுற்றுலாச் சீட்டு விற்கும் சின்ன மரக்கூடு ஒன்று அங்கே இருக்கிறது. மடாலயத்தைச் சுற்றிக் காட்டுவது, தீவைக் குறுக்கே நடப்பது, படகில் குகை பார்ப்பது, மள் தீவில் ஒரு பழைய பிரபுவின் மாளிகை பார்ப்பது என்று நாலு விதம். அக்கா என்னைக் கழிப்பறை பரிசோதனைக்கு அனுப்பிவிட்டு வரிசையில் நின்றார். நான் திருப்தியோடு திரும்பி வந்தபோது அவர் கையில் இரண்டு சீட்டு. சின்ன வாகனம் அக்கரையில் காத்திருக்கிறது, ஓடு ஓடு என்று கப்பலுக்கு என்னை இழுத்துப் போனார்.

“மடம் இஞ்சைதானே இருக்குது. ஏன் அக்கா அக்கரைக்குப் போறம்?”

“எனக்கென்ன தெரியும். அந்த மனுசி எங்கையிருந்து வாறியள் எண்டு கேட்டவ. மன்னார் எண்டன். முகமெல்லாம் சிரிப்பா, மன்னார், மன்னார் எண்டு சொன்னவ. பேந்து, கொழும்புக்காக வந்தனியளோ எண்டு கேட்டவ. நோ நோ, நொட் கொழும்பு, மன்னார் எண்டு திருப்பியும் சொன்னன். உடனை இதைத் தந்தவ. மன்னாரைத் தெரிஞ்ச ஒரு வெள்ளைக்காரியை இப்பதான் பாக்கிறன்.”

நான் சீட்டை வாங்கிப் பார்த்தேன். மாளிகைச் சுற்றுலா. இங்கிலீசில் பிரபு மாளிகைக்கு மேனர் என்று ஒரு பேர் உண்டு. அக்கா மன்னார் என்றார், சீட்டு விற்ற பெண்மணியின் காதில் மேனர் என்று விழுந்தது. தீவின் புனிதரின் பேர் கொலும்பா. அந்தப் பெண்மணி கொலும்பா என்றார், அக்காவின் காதில் கொழும்பு என்று விழுந்தது. புனிதருக்காக வரவில்லை, மாளிகைக்காகத்தான் வந்தோம் என்று அக்கா இரண்டு தரம் அடித்துச் சொன்ன கணக்கு. இதை நான் விளக்கி முடிக்கும்போது கப்பல் நடுக்கடலில் இருந்தது. சிரிப்பதா அழுவதா என்று தெரியாமல் இருவரும் சிரித்தோம்.

மாளிகையில் எங்களை வரவேற்றவர் கட்டம்போட்ட பாவாடை அணிந்த பெரியவர். “சாரத்தை மடிச்சுக் கட்டியிருக்கிறார்” என்று அக்கா காதுக்குள் சொன்னார். சுவர் முழுக்க மான் தலைகள். ஒவ்வொன்றும் எங்களையே பார்த்தது. இவ்வளவு மானையும் யார் சமைத்தது என்பதுதான் அக்காவுக்குத் தெரிய வேண்டியிருந்தது. நான் கேட்கவில்லை. மூன்றாவது அறையில் பட்டு இருக்கை போட்ட நாற்காலி ஒன்று. அதன்மேல் காய்ந்த முட்பூ ஒன்று கிடந்தது. யாரோ மறந்துபோய் விட்டுப்போன பூ என்று அக்கா அதைப் பத்திரமாக எடுத்துப் பக்கத்து மேசையில் வைத்துவிட்டு, அப்பாடா என்று உட்கார்ந்தார்.

பெரியவரின் பேச்சு பாதியில் நின்றது. அந்த முட்பூவுக்கு இங்கே உட்காராதே என்று அர்த்தமாம். எழுதிப் போட்டால் அழகு கெட்டுவிடும் என்று முள்ளை வைப்பார்களாம். அக்கா எழுந்து, முட்பூவை எடுத்த இடத்திலேயே வைத்து, அதற்கு ஒரு கும்பிடும் போட்டார். பெரியவர் வாய்விட்டுச் சிரித்துவிட்டார். பிறகு தன் சொந்த நாற்காலியைக் கொண்டுவந்து போட்டு, ஒவ்வொரு அறைக்கும் அதைத் தானே தூக்கிக்கொண்டு வந்தார்.

திரும்பி வந்தபோது காற்று எழும்பியிருந்தது. சின்னக் கப்பல் ஓடவில்லை. எப்போது ஓடும் என்று யாருக்கும் தெரியாது. பாரிசுக்கு வெளியே நாங்கள் குடியிருக்கும் வில்லியே லே பெல்லில் பஸ்ஸுக்கு நின்று பழகிய எனக்கு இது புதிதில்லை. வாகனத்துக்குள் இருந்தபடியே அக்கா ரொட்டியையும் கட்டைச் சம்பலையும் அவிழ்த்தார். சாரதிக்கும் ஒன்று போனது. பின்சீட்டில் இருந்த வயதான தம்பதியில் கணவர் மனைவியிடம், “இவர்கள் இந்தத் தீவில் கடை போட்டால் நான் இங்கேயே குடிவந்துவிடுவேன்” என்று சொல்வது கேட்டது. அக்காவிடம் சொன்னேன். வாயில் சிரிப்பு வந்தது, கண் மட்டும் அக்கரையிலேயே இருந்தது. இரண்டு நாளில் ஒரு நாள் மான் தலைகளோடு போய்விட்டதே.

காற்று தணிந்து கரை சேர்ந்ததும் நேரே மடாலயத்துக்கு ஓடினோம். அன்றைய கடைசிச் சுற்றுலாவில் இடம் கிடைத்தது. கைட் நல்ல மனிதர், சிவந்த தாடிக்காரர். ஆனால் அவர் பேசிய இங்கிலீசுக்கும் நான் படித்த இங்கிலீசுக்கும் ஒன்றுவிட்ட உறவுகூட இல்லை. சொற்கள் உருண்டு உருண்டு வந்தன, அவருடைய தாடிக்குள்ளேயே பாதி தங்கிவிட்டன. கல்லறைகளைக் காட்டி நெடுநேரம் பேசினார். மற்றவர்கள் சிரித்தார்கள், பிறகு உச்சுக் கொட்டினார்கள்.

“என்னவாம்?” என்றார் அக்கா.

“ராசாக்களாம்.”

“ராசாக்களுக்கு என்ன?”

“செத்துப்போச்சினம்.”

“இவ்வளவு நேரமும் அதையோ சொன்னவர்?”

எனக்கு வெட்கமாகிவிட்டது. கொஞ்ச நேரத்துக்குப் பிறகு அக்கா கேட்பதை நிறுத்திவிட்டார். சுற்றுலா முடிந்து எல்லோரும் போனபிறகு மடாலயத்துச் சுவரோரம் உட்கார்ந்து கால்களைத் தேய்த்துக்கொண்டிருந்தார். கழிப்பறை நன்று, குந்த வாங்கு இருக்கிறது, ஏறுபடி குறைவு, புல்வெளியில் சோறு சாப்பிடலாம். பரீட்சையில் எல்லாம் பாஸ், ஒன்றைத் தவிர.

“சூசையண்ணை சொன்னது சரிதான் பிள்ளை. விளங்காமல் கூட்டிக்கொண்டு வந்து கல்லைக் காட்டிப்போட்டுப் போகேலாது. ரஜீவனே பாக்கட்டும்.”

அக்கா தோற்றுப் பேசி நான் அதற்கு முன் கேட்டதில்லை. இரவு ஷீலா வீட்டில் ஆட்டின் ஈரலையும் குடலையும் ஓட்ஸோடு கலந்து அவித்த உணவை வைத்தார். வேறு நாளென்றால் எங்கள் குடல்கறியோடு ஒப்பிட்டு அக்கா ஒரு பிரசங்கமே செய்திருப்பார். அன்றைக்கு மிளகாய்த்தூள் போத்தலைக்கூடத் தொடவில்லை.

மூன்றாம் நாள் காலை, உப்புப் போட்ட ஓட்ஸ் கஞ்சிக்கு முன்னால் இருந்தபோது அக்காவின் மகள் தொலைபேசி எடுத்தாள். சலவை இயந்திரத்திலிருந்து தண்ணீர் வழிகிறதாம். மகள் பிரெஞ்சில் அலற, அக்காவும் கோபத்தில் பிரெஞ்சுக்குத் தாவிவிட்டார். எந்தக் குழாயை மூடுவது, எந்தத் துணியை விரிப்பது, நான் இல்லாமல் உங்களால் ஒருநாள் இருக்க முடியாதா என்று மூச்சு விடாமல் ஒரு பிடி பிடித்தார். வைத்ததும், ஷீலா தேநீர்க் கேத்தலோடு அப்படியே நிற்பதைக் கண்டோம்.

“நீங்கள் பிரெஞ்சு பேசுவீர்களா?” என்றார் ஷீலா.

“நாங்கள் பாரிசில்தானே இருக்கிறோம்” என்றேன்.

“அப்படியானால் ஏன் நேற்று இங்கிலீசுச் சுற்றுலாவுக்குப் போனீர்கள்? இன்றைக்கு அன்னிக் பிரெஞ்சில் நடத்துகிறாளே. சீட்டு விற்கும் கூட்டில் உங்களிடம் எங்கிருந்து என்று கேட்டிருப்பார்களே, மொழி தெரிந்துகொள்ளத்தான் அதைக் கேட்பார்கள்.”

நான் அக்காவைப் பார்த்தேன். அக்கா என்னைப் பார்த்தார். எங்கள் இருவரின் பைக்குள்ளும் பிரெஞ்சுக் கடவுச்சீட்டு இருந்தது.

பாரிசில் ஒருவர் எங்கிருந்து என்று கேட்டால், வில்லியே லே பெல் என்று சொல்லிப் பாருங்கள், விடமாட்டார்கள். இல்லை, உண்மையில் எங்கிருந்து என்று இரண்டாவது கேள்வி வரும். அந்த இரண்டாவது கேள்விக்குக் காத்திருந்து களைத்து, முதல் கேள்விக்கே ஊரைச் சொல்லிவிடும் பழக்கம் எங்களுக்கு வந்துவிட்டது. அதனால் ஒருவர் வெறும் பாஷை தெரிந்துகொள்ளக் கேட்டபோதும் அக்காவின் வாயில் மன்னார்தான் வந்தது. நான் நின்றிருந்தாலும் யாழ்ப்பாணம் என்றுதான் சொல்லியிருப்பேன்.

கஞ்சியைப் பாதியில் விட்டுவிட்டு ஓடினோம். மரக்கூட்டில் அதே பெண்மணி. அக்கா அவர் கேட்பதற்கு முன்னாலேயே, “பிரான்ஸ், பிரான்ஸ்” என்றார். பெண்மணி பிரெஞ்சுச் சுற்றுலாவுக்கு இரண்டு சீட்டுக் கிழித்துக்கொண்டே, மாளிகை பிடித்திருந்ததா என்று அன்போடு விசாரித்தார்.

அன்னிக் பிரான்சின் பிரெத்தான் பக்கத்துப் பெண். இங்கே ஆடு வளர்க்கும் ஒருவரைக் கட்டிக்கொண்டு தங்கிவிட்டவர். லியோனிலிருந்து வந்த ஒரு குடும்பமும் நாங்களும்தான் கூட்டம். எல்லோரிடமும் எங்கிருந்து என்று கேட்டுக்கொண்டு வந்தார். எங்கள் முறை வந்ததும் அக்கா பள்ளிப் பிள்ளை போல நிமிர்ந்து, “வில்லியே லே பெல்” என்றார்.

“ஓ, என் தம்பி பக்கத்தில் கூசேன்வில்லில் இருக்கிறான். விமானச் சத்தத்தில் அவனுக்கு நித்திரையே இல்லை” என்றார் அன்னிக்.

அக்கா இரண்டாவது கேள்விக்குத் தயாராக வாயைத் திறந்துகொண்டு நின்றார். அது வரவில்லை. அன்னிக் மடாலயத்தைப் பற்றிப் பேசத் தொடங்கிவிட்டார். வாய் வரைக்கும் வந்த மன்னாரை அக்கா விழுங்கிக்கொண்டதை நான் கண்டேன்.

அதன்பிறகு அக்காவைப் பிடிக்க முடியவில்லை. எனக்குப் பிரெஞ்சு விளங்கும் என்பதை அவர் மறந்தேவிட்டார். அன்னிக் ஒரு வசனம் சொல்ல, என்னை ஐம்பது பேராக நினைத்துக்கொண்டு திரும்பி, கையை விரித்துத் தமிழில் சொன்னார். அன்னிக் சொல்லாததையும் சேர்த்துச் சொன்னார். இடிந்து கிடந்த மடத்தைப் பிற்காலத்தில் திருத்திக் கட்டினார்கள் என்று அன்னிக் சொன்னது, “எங்கட கோயில் மாதிரித்தான், ஆளுக்காள் காசு சேத்து, நாலு பேர் சண்டை பிடிச்சுக் கட்டி முடிச்சினம்” என்று வந்தது. லியோன் குடும்பத்துப் பிள்ளைகள் அன்னிக்கை விட்டுவிட்டு அக்காவின் கைகளைப் பார்க்கத் தொடங்கினார்கள்.

பெரிய கற்சிலுவைக்குக் கீழே அன்னிக் கொலும்பாவின் கதையைச் சொன்னார். கொலும்பா அயர்லாந்துக்காரர். ஒரு புத்தகத்தைப் பிரதி எடுத்ததில் வழக்கு வந்து, வழக்குச் சண்டையாகி, சண்டையில் ஆட்கள் செத்து, அவர் நாட்டை விட்டுக் கடலேறினாராம். தீவு தீவாக இறங்கி, ஒவ்வொன்றிலும் குன்றில் ஏறித் திரும்பிப் பார்ப்பாராம். தன் நாடு கண்ணுக்குத் தெரிந்தால் அந்தத் தீவு வேண்டாம் என்று மறுபடி படகில் ஏறிவிடுவாராம். அயோனாவின் தெற்கில் ஒரு குன்றில் ஏறிப் பார்த்தபோதுதான் ஒன்றும் தெரியவில்லை. அங்கேயே தங்கினார், படகைப் புதைத்துவிட்டார் என்பது கதை.

அக்கா என் பக்கம் திரும்பினார். விரித்த கையை மடக்கிக்கொண்டு தெற்கே பார்த்தார்.

“ஊர் தெரியாத இடமாப் பாத்துத்தான் இருந்தவராம், பிள்ளை” என்றார் பிறகு. “நாங்கள் எண்டால் ஊர்ச் சாமான் விக்கிற கடைக்குப் பக்கத்திலைதான் வீடு பாப்பம்.”

நான் சிரித்தேன். அந்தச் சாமானை விற்பவள் நான்தானே.

ஐம்பது பேருக்கும் பிரெஞ்சில் நடத்த முடியுமா என்று அக்கா கேட்டார். முன்கூட்டிச் சொன்னால் இரண்டு பகுதியாகப் பிரித்து நடத்தலாம், உங்களைப் போல ஒருவர் கூட இருந்தால் எனக்குப் பாதி வேலை மிச்சம் என்றார் அன்னிக். ஷீலா வீட்டை விட்டு வெளிக்கிடும்போது மிளகாய்த்தூள் போத்தலை அங்கேயே விட்டுவிட்டு வந்தோம்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை, பூசை முடிந்து, லா ஷப்பலில் ஒரு உணவகத்தின் பின்பக்க மண்டபத்தில் கூட்டம். வடையும் தேநீரும். முதலில் ரஜீவன் திரையில் படம் போட்டான். குறை சொல்ல முடியாது, அழகான படங்கள், அழகான பேச்சு. சனம் தலையாட்டியது. அக்கா எழுந்தபோது கையில் படமும் இல்லை, கடதாசியும் இல்லை. கழிப்பறையைச் சொன்னார், வாங்கைச் சொன்னார், கைட் பிரெஞ்சில் சொல்வதைத் தானே தமிழில் சொல்வதாகச் சொன்னார். முட்பூக் கதையைச் சொன்னபோது மண்டபம் குலுங்கியது. சூசை அண்ணை மட்டும் சிரிக்கவில்லை. கையைக் கட்டிக்கொண்டு இருந்தார்.

“அதெல்லாம் சரி. அந்தச் சாமியார் ஏன் அந்தத் தீவுக்குப் போனவர்? அதைச் சொல்லு பாப்பம்.”

அக்கா சொன்னார். வழக்கை, சண்டையை, குன்று குன்றாக ஏறிப் பார்த்ததை, ஊர் தெரியாத இடத்தில் படகைப் புதைத்ததை. சிலுவைக்குக் கீழே எனக்குச் சொன்னதைவிட நன்றாகச் சொன்னார், கை விரிக்காமல் சொன்னார். பின்வரிசையில் தொலைபேசி பார்த்துக்கொண்டிருந்த பிள்ளைகள்கூட நிமிர்ந்துவிட்டார்கள்.

“பேந்து அவர் திரும்பி ஊருக்குப் போகவே இல்லையோ?” என்றார் சூசை அண்ணை.

“ஒருக்காப் போனவராம், அண்ணை. ஆனால் ஊரைப் பாக்கேல்லையாம். கண்ணைக் கட்டிக்கொண்டு போய், வந்த அலுவலை முடிச்சுப்போட்டு, அப்பிடியே திரும்பி வந்திட்டாராம்.”

சூசை அண்ணை முன்னால் ஆறிப்போயிருந்த தேநீர்க் குவளையையே பார்த்தார். ஒருவரையும் பார்க்கவில்லை.

“நானும் சண்டை முடிஞ்ச பிறகு ஒருக்காப் போனனான். வீடு இருந்த இடத்திலை ஒண்டும் இல்லை” என்றார். “நான் கண்ணைத் திறந்துகொண்டெல்லே போனனான்.”

அவர் கட்டியிருந்த கையை அவிழ்த்து முழங்காலில் ஊன்றிக்கொண்டார்.

“யோசப்பின், என்ரை பேரை முதலாவதா எழுது.”